கம்பளி காயாத ஊரில் ஒரு பனிப் படம்

போன சனிக்கிழமை எங்கள் தோட்டத்தில் படம் காட்டினார்கள். என்ன படம் என்று நினைக்கிறீர்கள்?

பனிப் படம்!

எங்கள் டயகம மலைப்பக்கத்து மழையைப் பற்றி இந்தப் பத்தியை விடாமல் படிக்கிறவர்களுக்கு நான் புதிதாகச் சொல்ல ஒன்றுமில்லை. மேலேயிருந்து பெய்யும், பக்கவாட்டில் பெய்யும்... சில நாள் தரையிலிருந்தே பெய்கிறதோ என்றுகூடத் தோன்றும். வாரக்கணக்கில் சூரியனைக் காணோம். விறகு ஈரம், பாய் ஈரம், தீப்பெட்டி ஈரம். அப்படிப்பட்ட நேரத்தில், குளிர் என்றால் என்ன என்று எங்களுக்குக் காட்டுவதற்காக ஒரு வேன் மலையேறி வந்தது.

இந்த வாரம் கோபமாகத்தான் எழுதுகிறேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன். என்னை நேரில் பார்த்தவர்கள் நம்பமாட்டார்கள். நாலு பேர் சேர்ந்து நின்றால் அந்த வழியை விட்டுவிட்டுச் சுற்றிப் போகிற ஆள் நான். ஐந்தாம் வகுப்போடு நின்ற படிப்பு. தேயிலை செய்கிற ஸ்டோரில் அடுப்புக்கு விறகு தள்ளுகிற வேலை. வாயில் வராதது கையில் வருகிறது என்று பத்திரிகை ஆசிரியர் இந்த இடத்தைக் கொடுத்திருக்கிறார். அந்தத் தைரியத்தில் எழுதுகிறேன்.

படம் ஸ்டோரின் மேல்மாடியில் நடந்தது. பறித்த கொழுந்தை வாடவைக்கிற இடம் அது. ஒரு பக்கத்தை ஒதுக்கி, வெள்ளைத் துணி கட்டியிருந்தார்கள். முன்னால் நாற்காலியில் தோட்டத்தை நடத்துகிற துரையும் அவர் மனைவி துரைசாணியும். அடுத்து பெஞ்சுகளில் உத்தியோகத்தர்கள். பின்னால் பலகைத் தரையில் நாங்கள். ஒன்று சொல்லவேண்டும் — உட்கார்ந்தவுடன் எல்லோருக்கும் உடம்பு இளகியது. கொழுந்து வாடுவதற்காக அங்கே எப்போதும் சூடான காற்று வரும். எங்கள் தோட்டத்தில் குளிராத இடம் அது ஒன்றுதான். அங்கே குடியிருப்பது கொழுந்து!

படம் இங்கிலீஷ். டீமேக்கர் ஐயா எழுந்து நின்று தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். ஸ்டோருக்கு அவர்தான் அதிகாரி. கெட்டிக்காரர், குரல் கணீரென்று இருக்கும்.

"இது உலகத்தோட தெற்குக் கோடி. மரம் கெடையாது, புல்லு கெடையாது. வெறும் பனி. பாருங்க, எவ்வளவு பொறுமையா நடக்கிறாங்க! ஒருத்தனாவது வாயைத் திறக்கிறானா?"

திரையில் தாடி வைத்த வெள்ளைக்காரர்கள் வண்டியை இழுத்துக்கொண்டு போனார்கள். காற்று அடித்தது. ஒருவர் விழுந்தார், மற்றவர்கள் தூக்கினார்கள். நாய்கள் களைத்துப் படுத்தபோது துரைசாணி கைக்குட்டையை எடுத்தார். பொய் சொல்வானேன்... எனக்கும் கண் கலங்கியது. படம் அப்படி.

இதற்கு முன்பு ஹட்டன் தியேட்டரிலும் இந்த மாதிரிப் படங்கள் பார்த்திருக்கிறேன். எல்லாவற்றிலும் ஒன்றைக் கவனித்தேன். அந்தப் பனியில் ஒரு பொம்பளை இல்லை. ஒரு கைக்குழந்தை இல்லை. குளிர் என்ன, தாடி வைத்தவர்களுக்கு மட்டுமா?

இந்த இடத்தில் மூக்காயியைப் பற்றிச் சொல்லவேண்டும்.

நாங்கள் குடியிருக்கிற லயத்து வரிசையில் எனக்குப் பக்கத்துக் காம்பரா; நடுவில் ஒரே சுவர். கொழுந்து பறிக்கிறவள். பிள்ளை பிறந்து சில மாதம்தான் ஆகிறது, அதற்குள் வேலைக்கு வந்துவிட்டாள். குழந்தைக்கு நெஞ்சில் சளி. மூச்சு விடுவது சுவர் தாண்டி எனக்குக் கேட்கும். தோட்டத்து மருந்துக்காரர் பார்த்துவிட்டு, "ஈரம் படாம சூடா வச்சிரு" என்று சொல்லியிருக்கிறார். நல்ல வைத்தியம். ஆனால் எதைக் கொண்டு?

மூக்காயியிடம் இருப்பது ஒரே ஒரு கம்பளி. பகலில் அதைத் தலையோடு போர்த்திக்கொண்டு மழையில் பறிப்பாள். இரவில் அதுவேதான் பிள்ளைக்குப் போர்வை. ராத்திரிக்குள் அது காய்ந்தால் பிள்ளைக்குச் சூடு. காயாவிட்டால்? ஊறிய கம்பளியைப் பிள்ளைமேல் போட முடியுமா? அவள் புருஷன் சாக்கைப் போர்த்திக்கொண்டு படுக்கிறவன். அவனிடம் கொடுப்பதற்கு ஒன்றும் இல்லை.

இது அவள் ஒருத்தியின் கதையும் அல்ல. அதனால்தான் எங்கள் ஸ்டோரில் ஒரு வழக்கம் வந்தது. பகல் நிறுவைக்குக் கொழுந்து கொண்டுவருகிற பெண்கள், ஈரக் கம்பளியை என் அடுப்பறைக் கம்பியில் போட்டுவிட்டு, மிச்ச நேரத்துக்கு ஒரு சாக்கை மாட்டிக்கொண்டு மலைக்குப் போவார்கள். சாயந்தரம் வந்து காய்ந்த கம்பளியை எடுத்துக்கொள்வார்கள். யார் ஆரம்பித்தது என்று தெரியாது. எனக்கு முன்பிருந்தே இருக்கிறது.

அதைத்தான் படம் வருவதற்குக் கொஞ்சநாள் முன்பு டீமேக்கர் ஐயா நிறுத்தினார். தேயிலையில் ஆட்டு ரோம வாடை வருகிறதாம். கொழும்பில் ருசி பார்க்கிறவர்கள் மூக்கைச் சுளித்தார்களாம். தேயிலை வாடையை இழுக்கும் என்பது உண்மைதான். அவர் சொன்னது முழுப் பொய் என்று நான் எழுதமாட்டேன். ஆனால் கம்பியை வேறு எங்கே கட்டலாம் என்று ஒரு நிமிஷம் யோசித்தாரா? இல்லை. நிறுத்து என்றார். நின்றது.

அன்றிலிருந்து மூக்காயி ராத்திரியில் பிள்ளையைத் தன் வயிற்றோடு கட்டிக்கொண்டு உட்கார்ந்தே தூங்குகிறாள்.

சரி, படத்துக்கு வருவோம்.

தாடிக்காரர்கள் ஒரு மரக் குடிசைக்குள் நுழைந்தார்கள். நடுவில் அடுப்பு. அதற்கு மேலே கயிறு. கயிறு நிறையக் காலுறைகளும் கையுறைகளும் கம்பளிச் சட்டைகளும்! அதற்குக் கீழேயே சோறு வேகிறது.

"பாருங்க," என்றார் டீமேக்கர் ஐயா, "உடுப்பு காயலேன்னா உசுரு போயிரும். அதனால மொத வேலையா காயப்போடுறாங்க. அதுதான் புத்தி!"

பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. மூக்காயி.

"ஏங்கய்யா... அவங்க சோத்துல ஆட்டு வாடை அடிக்காதுங்களா?"

மேல்மாடியே சிரித்தது. துரை திரும்பி, என்ன சிரிப்பு என்று கேட்டார். டீமேக்கர் ஐயா இங்கிலீஷில் ஏதோ சொன்னார். அந்தக் கேள்வியைச் சொல்லியிருக்கமாட்டார் என்று மட்டும் எனக்கு நிச்சயம். அதற்குப் பிறகு படம் முடியும்வரை அவர் தமிழில் ஒரு வார்த்தைகூடச் சொல்லவில்லை. யார் செத்தார்கள், யார் பிழைத்தார்கள் என்று நாங்களே பார்த்துத் தெரிந்துகொண்டோம்.

திங்கட்கிழமை காலையில், ஆள் கணக்கெடுத்து வேலை பிரிக்கிற பெரட்டுக்கு அவரே வந்தார். ஸ்டோர் அதிகாரிக்குப் பெரட்டில் என்ன வேலை?

"சனிக்கிழமை சிலபேருக்கு வாய் நீண்டிருச்சு. கேட்டுக்கங்க. இனிமே அடுப்பறைப் பக்கம் எவ கம்பளியாவது கெடந்துச்சுன்னா, அடுப்புக்குள்ளயே போட்டுருவேன்."

போடுவது யார் கை? என் கை. அன்று காலை முழுக்க விறகு தள்ளும்போது அது ஒன்றுதான் மனதில் ஓடியது.

பகல் நிறுவைக்குப் பெண்கள் அடுப்பறைக்கு முன்னால் வந்தார்கள். கொட்டுகிற மழை. கணக்கப்பிள்ளை தராசைத் தொங்கவிட்டுக் காத்திருக்கிறார். ஒருத்தியும் கூடையை இறக்கவில்லை. கூடையைத் தாங்குகிற தலைக்கயிற்றோடு வரிசையாக நிற்கிறார்கள்.

"என்னாங்கடி, தூங்கிட்டீங்களா? எறக்குங்க!" என்றார் கணக்கப்பிள்ளை.

"எறக்குறோம் ஐயா," என்றாள் மூக்காயி. "கம்பளிக்கு எடம் எதுன்னு டீமேக்கர் ஐயாவைச் சொல்லச் சொல்லுங்க. சொன்னா எறக்குறோம்."

டீமேக்கர் ஐயா வெளியே வந்தார். கத்தினார். பெயரை வெட்டுவேன், அன்றைய கூலி கிடையாது என்றார். மூக்காயியின் தோளிலிருந்து கம்பளியை இழுத்து என் பக்கம் வீசினார். "அடுப்பில போடுய்யா!"

எனக்குப் பேச வராது. நூறு கண்கள் பார்க்கும்போது கை காலும் சரியாக வராது. கம்பளியை எடுத்துக்கொண்டேன். தண்ணீர் சொட்டியது. அடுப்புக் கதவைச் சாத்தினேன். கம்பளியை மடித்து நெஞ்சோடு வைத்துக்கொண்டு கதவுக்கு முன்னால் நின்றேன். அவ்வளவுதான் நான் செய்தது.

"செவிடா நீ?"

தலைக்கயிறு மாட்டிய யாரோ ஒருத்தி சொன்னாள்:

"அவரை ஏங்கய்யா ஏசுறீங்க? கூடைக்குள்ள கைய விட்டுப் பாருங்க."

கொழுந்தைப் பற்றித் தெரியாதவர்களுக்காகச் சொல்கிறேன். பறித்த கொழுந்து காத்திருக்காது. கூடையில் அடைபட்டுக் கிடந்தால் தானாகவே சூடேறும், சிவந்துபோகும், பிறகு அது தேயிலைக்கு உதவாது. டீமேக்கர் ஐயா கூடைக்குள் கையை விட்டார். முகம் மாறியது. அடுத்த கூடை. அதற்கு அடுத்தது. ஒரு குழந்தைக்குக் காய்ச்சலா என்று தொட்டுப் பார்க்கிற மாதிரி, அப்படித் தொட்டுப் பார்த்தார்!

என் கோபம் அந்த இடத்தில்தான். கொழுந்து சூடேறினால் அவருக்குப் பதறுகிறது. பிள்ளை சூடில்லாமல் கிடந்தபோது பதறவில்லை. அவர் மட்டுமா? தெற்குக் கோடியில் நடுங்கினவனுக்குத் துரைசாணி கைக்குட்டை நனைய அழுகிறார். அதே குளிரில் இங்கே ஒருத்தி நடுங்கினால் சோம்பேறி. அவன் உடுப்பைக் காயப்போட்டால் புத்தி. இவள் காயப்போட்டால் வாடை. ஏப்ரலில் கொழும்பிலிருந்து நுவரெலியாவுக்கு வருகிறவர்கள் "ஆகா, என்ன அருமையான குளிர்!" என்கிறார்கள். நாலு கம்பளிக்குள் இருந்து பார்த்தால் அருமைதான்! அந்தத் தாடிக்காரர்களைக் குறைசொல்ல எனக்கு ஒன்றுமில்லை. ஆனால் அவர்கள் விரும்பிப் போனார்கள். திரும்பி வந்தவர்களுக்கு மாலை போட்டார்கள். எங்கள் பெண்கள் தினமும் போய்த் தினமும் திரும்பி வருகிறார்கள்... வந்தவுடன் தராசில் நிறுக்கிறோம்.

டீமேக்கர் ஐயா மழையைப் பார்த்தார், கூடைகளைப் பார்த்தார். கடைசியில் யாரையும் பார்க்காமல் சொன்னார்:

"அடுப்பறைக்குப் பின்னால, வெளிச் சுவரு ஓரமா ஒரு கூரை போட்டுக் கம்பி கட்டு. உள்ள வரக்கூடாது. இந்த மழை முடியிற வரைக்கும்தான்."

வெளிச் சுவரும் சுடும். அது முன்பே அவருக்குத் தெரியும். எனக்கும் தெரியும். அதை அவர் வாயால் கேட்பதற்கு இத்தனை பெண்கள் நனையவேண்டியிருந்தது.

கூடைகள் இறங்கின. பழைய தகரத்தைச் சாய்த்துக் கம்பி கட்டினேன். சாயந்தரம் மூக்காயி வந்து கம்பளியைக் கன்னத்தில் வைத்துப் பார்த்தாள். ஓரத்தில் மட்டும் கொஞ்சம் ஈரம். "போதும்ணே," என்று சொல்லிவிட்டு, வேலை நேரத்தில் குழந்தைகளை விட்டுவைக்கிற பிள்ளைக் காம்பராவுக்கு ஓடினாள். அன்று ராத்திரி அவள் படுத்துத் தூங்கினாள். குழந்தைக்குச் சளி இன்னும் இருக்கிறது. மூச்சு மட்டும் முன்னைவிடப் பரவாயில்லை.

நேற்று டீமேக்கர் ஐயா நிறுவையில் வந்து நின்றார். சமாதானமாகப் பேசவேண்டும் என்று நினைத்தாரோ என்னவோ. "அடுத்த மாசமும் வேன் வருது. இந்தத் தடவை பாலைவனப் படம். எல்லாரும் வாங்க," என்றார்.

மூக்காயி தலைக்கயிற்றைச் சரிசெய்துகொண்டே கேட்டாள்:

"அதுல வெயிலு நல்லா அடிக்குங்களாய்யா? அப்ப ஆளுக்கொரு கம்பளி கொண்டாறோம்... படத்துணிக்கு முன்னால காயப்போட்டுக்கலாம்."