பச்சை வானம் கண்ட மகன்

"...வானம் பச்சைப் பட்டு மாதிரி ஆடிச்சாம், ஓரத்தில செவப்பாம். குடிக்காத ஒருத்தன் இப்படி எழுதுவானா, ஐயா?"

கேள்வி நியாயமாகத்தான் படுகிறது. கடுகண்ணாவை ஸ்டேஷனில், மலையேற ரயிலைப் பின்னாலிருந்து தள்ளிவந்த எஞ்சினைக் கழற்றுகிறார்கள். எதிரே தேத்தண்ணிக் கடையில் என் பக்கத்தில் உட்கார்ந்து, எல்லோரும் நானா என்று கூப்பிடும் முஸ்லிம் கடைக்காரர் தம் மகனின் கடிதத்தை என் கையில் திணிக்கிறார். மகன் நோர்வே பக்கம் போகும் கப்பலில் சமையல்காரன். பிள்ளை குடிக்கப் பழகிவிட்டான் என்று முடிவுகட்டி, மூன்று மாதமாக இவர் பதில் போடவில்லை. அதனால் மனைவி இவரோடு பேசுவதில்லை.

பழைய சஞ்சிகையில் படித்ததைச் சொல்கிறேன்.

"சூரியன்லேருந்து மின்துகள் பறந்து வருது, நானா. பூமி பெரிய காந்தம். அதுகளை வடகோடிக்கும் தென்கோடிக்கும் இழுக்குது. அங்க காத்துல மோதி வெளிச்சமாகுது. நம்ம பக்கம் தெரியாது."

"அப்ப மகன் குடிக்கல்லயா?"

"அது எனக்குத் தெரியாது. வானம் ஆடினது மெய்."

நானா தொப்பியைக் கழற்றி முகத்தைத் துடைக்கிறார். கடைக்குப் பின்னால்தான் வீடு. மெதுவாக எழுந்துபோய் உள்கதவைத் தட்டுகிறார்.

"இஞ்ச பாரு, மகனுக்குக் கடிதம் எழுதப் போறன். உன் பேர்ல என்ன எழுதணும்?" என்று கேட்டுவிட்டு, கதவருகிலேயே நிற்கிறார்.