லைசென்ஸ் உள்ளவர்

அஜ்மானிலிருந்து ஓமான் போகும் வழியில், எல்லைச் சாவடியில் எங்கள் கார் நிற்கிறது. ஓட்டுபவர் சிவகங்கைக்காரர் செல்வம் அண்ணன். ஆறாவது டெஸ்டில் பாஸானவர். லைசென்ஸைச் சட்டைப்பையிலிருந்து எடுப்பதும் துடைப்பதுமாகவே வந்தார்.

நானும் மச்சானும் எங்கள் பாஸ்போர்ட்டுகளைக் கொடுக்கிறோம். அண்ணன் கம்பீரமாக லைசென்ஸை நீட்டுகிறார். அதிகாரி அதைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறார்.

"பாய், இது வண்டிக்கு. உனக்கு எங்கே?" என்று இந்தியில் கேட்கிறார்.

நான் அண்ணனைப் பார்க்கிறேன். "பாஸ்போர்ட் எங்கண்ணே?"

"ரூம்ல பெட்டிக்குள்ள பத்திரமா இருக்கு. எங்க அர்பாப் வாராவாரம் ஒரு அட்டையக் காட்டித்தானடா மஸ்கட் போறாரு?"

"உங்க முதலாளி இந்த நாட்டுக்காரருண்ணே. அது அவரோட அடையாள அட்டை."

அதிகாரி எங்கள் பாஸ்போர்ட்டுகளைத் திருப்பித் தருகிறார். "நீங்க ரெண்டு பேரும் போகலாம். இவர் மாஃபி, போக முடியாது. யாராவது வண்டியை எடுங்க, யல்லா."

நான் மச்சானைப் பார்க்கிறேன், மச்சான் என்னைப் பார்க்கிறான். இரண்டு பேருக்கும் சைக்கிள்தான் ஓட்டத் தெரியும்.

அண்ணன் முகம் தெளிகிறது. இண்டிகேட்டர் போட்டு, கண்ணாடி பார்த்து, டெஸ்டில் செய்ததுபோலவே நிதானமாக வண்டியைத் திருப்புகிறார்.

"பாத்தீங்களாடா, லைசென்ஸ் இல்லாம பார்டர் தாண்ட முடியாது."