எதிர் சீட்டில் கட்டக்காரன்

1. முதல் கட்டம்

பெங்களூரில் ஒரு தமிழ் நாளிதழில் புரூஃப் ரீடராக இருந்து ரிடையர் ஆனவன் நான். வீடு கோலார் தங்கவயலில், பாலகாட் பக்கம். சர்வீஸ் முழுக்க ரயிலில்தான் போய் வந்தேன். இப்போது இந்த வேலைக்கு வருகிற பிள்ளைகளுக்கு முதலிலேயே ஒன்று சொல்லிவிடுகிறேன். புரூஃப் ரீடர் ஆயிரம் தப்பைத் திருத்தினாலும் ஒருத்தன் கண்ணுக்கும் தெரியாது. ஒன்றை விட்டான் என்றால் ஊருக்கே தெரியும். அந்த வேலையில் இது என்னுடையது என்று நான் சொல்லிக்கொள்ள இருந்தது ஒன்றே ஒன்று, தினசரி குறுக்கெழுத்து.

அதுவும் நான் கேட்டு வந்ததில்லை. ஒரு சாயங்காலம் சென்னை ஆபீசிலிருந்து வரவேண்டிய குறுக்கெழுத்து வரவில்லை. பொதுப்பக்கம் முடிகிற நேரம், மூலையில் பெரிய ஓட்டை. எங்கள் எடிஷன் இன்சார்ஜ் மதுரைக்காரர். கோபம் வந்தால் மேஜையைத் தட்டுவார், சந்தோஷம் வந்தாலும் தட்டுவார்.

"யோவ் வேலு, நாள் பூரா எழுத்தப் பாத்துக்கிட்டேதான உக்காந்திருக்க? ஒரு கட்டம் போட்டுக் குடுய்யா, அரை மணியில வேணும்!"

சின்ன வயதிலிருந்து கட்டம் நிரப்பின கைதான். ஆனால் நிரப்புவது வேறு, போடுவது வேறு என்று அன்றைக்குத்தான் தெரிந்தது. மூன்று பக்கம் அழகாக வந்தது. நாலாவது மூலையில் 'ழ'வில் ஆரம்பிக்கிற சொல் ஒன்று வேண்டும் என்று நின்றது. தமிழில் அப்படி ஒரு சொல்லுக்கு நான் எங்கே போவேன்? கறுப்புக் கட்டம் ஒன்றைப் போட்டு அடைத்தேன். அடுத்த நாளும் சென்னையிலிருந்து வரவில்லை, நானே போட்டேன். அப்புறம் யாரும் சென்னையைக் கேட்கவேயில்லை. பெயர் மட்டும் போட மாட்டார்கள். கட்டத்துக்கு எதுக்குய்யா பேரு என்றார் இன்சார்ஜ்.

2. ஷாஃப்டும் லெவலும்

காலை பாசஞ்சரில் எங்களுக்கென்று ஒரு சீட்டு உண்டு. கௌதமண்ணன் ஸ்கெலட்டன் என்கிற சுரங்கத் தொழிலாளர் குடியிருப்பு ஆள். அப்பா சுரங்கத்தில் கீழே இறங்கி வேலை செய்தவர். இவர் கிருஷ்ணராஜபுரத்தில் ஒரு ஃபேக்டரியில் லேத் ஓட்டுகிற டர்னர். வண்டி புறப்படுகிற மாரிக்குப்பத்துக்கே போய் ஏறி, எங்களுக்கெல்லாம் துண்டு போட்டு இடம் பிடித்து வைப்பார். கண்டோன்மென்டில் இறங்குகிற சரளா சிஸ்டர் ஆஸ்பத்திரியில் நர்ஸ். நான் கோரமண்டல் ஸ்டேஷனில் ஏறும்போது கௌதமண்ணன் எங்கள் பேப்பரைக் குறுக்கெழுத்து மேலே தெரிகிற மாதிரி மடித்து, காதில் பேனாவோடு உட்கார்ந்திருப்பார்.

எங்கள் சீட்டில் யாரும் 'மேலிருந்து கீழ்', 'இடமிருந்து வலம்' என்று சொன்னதில்லை. எல்லாம் சுரங்கத்துப் பேச்சுதான். கீழே இறங்கினால் ஷாஃப்ட், பக்கவாட்டில் ஓடினால் லெவல். கறுப்புக் கட்டம் பாறை.

"ஏழாவது ஷாஃப்ட் இன்னா சிஸ்டர்?"

"இருங்கண்ணே, அஞ்சாவது லெவல் வந்தாத்தான் அது இறங்கும்."

தங்கம் பிரித்த மண்ணைக் கொட்டிவைத்த சயனைடு மேட்டைத் தாண்டுவதற்குள் முதல் விடை விழுந்துவிடும். ஒன்று விழுந்தால் அதன் எழுத்தைப் பிடித்துக்கொண்டு இன்னொன்று, அதிலிருந்து இன்னொன்று. கட்டம் கடகடவென்று நிரம்பும்போது அவர்கள் ரெண்டு பேர் முகத்திலும் ஒரு வெளிச்சம் வரும் பாருங்கள், அதற்காகவே வேலைக்குப் போகலாம். எனக்கோ எல்லா விடையும் முன்னாடியே தெரியும். தெரியாத மாதிரி மண்டையைச் சொறிந்துகொண்டு உட்கார்ந்திருப்பேன். இப்போது நினைத்தாலும் சிரிப்பு வருகிறது.

நிரப்பி முடித்தால் ஆட்டம் முடிந்தது என்று நினைக்காதீர்கள். மாலூர் தாண்டினால் கௌதமண்ணன் கச்சேரி ஆரம்பம். கட்டம் போட்டவனை உரித்துத் தொங்கவிடுவார். அவனுக்குப் பெயரே கட்டக்காரன்.

ஒரு நாள் 'வீட்டில் இருப்பது' என்று மூன்றெழுத்துக்குக் குறிப்பு கொடுத்திருந்தேன்.

"கதவும் வருது, சுவரும் வருது, மனைவியும் வருது. எத்த எழுதறது? சரி, குறுக்க ஓடற லெவல வெச்சு கண்டுபிடிக்கலாம்னா ஒரு லெவலும் ஓடல. இன்னா வேலு இது? லெவல் இல்லாத ஷாஃப்ட் இன்னாத்துக்கு? எங்கப்பா சொல்வாரு, உள்ள போன மனுசன் வெளிய வர ரெண்டு வழி இருக்கணும்னு. உங்க ஆபீசுல எவன்யா அவன்? போய் சொல்லு அவன்கிட்ட."

"சொல்றேண்ணே."

மறுநாள் விடமாட்டார். "சொன்னியா?"

"சொன்னேண்ணே."

"இன்னா சொன்னான்?"

"இனிமே பாத்துப் போடறேன்னான்."

"பயந்துட்டானா?"

"லைட்டா."

அவர் சொன்னது நூற்றுக்கு நூறு சரி. அன்றிலிருந்து எந்த எழுத்தையும் ஒரே வழியில் மாட்டிக்கொள்கிற மாதிரி நான் விட்டதில்லை. அதற்காக அவர் சொல்வதெல்லாம் சரி என்று அர்த்தமில்லை. 'ஒன்பதாவது தமிழ் மாதம்' என்று நாலெழுத்துக்குக் கேட்டிருந்தேன், மார்கழி. மனிதர் தையிலிருந்து எண்ணிப் புரட்டாசி என்று முடிவு கட்டிவிட்டார். ஓரெழுத்து அதிகமாக வந்ததும் தன் கணக்கைச் சந்தேகப்பட வேண்டுமா இல்லையா? "கட்டக்காரன் ஒரு கட்டம் கம்மியா போட்டுட்டான்" என்று 'சி'யை வெளியே ஓரத்தில் எழுதி, அதைச் சுற்றித் தானே ஒரு கட்டமும் வரைந்துவிட்டார். சிஸ்டர் சிரித்து மாளவில்லை. கடைசிவரை அவர் ஒத்துக்கொள்ளவேயில்லை.

நான்தான் என்று ஏன் சொல்லவில்லை என்று கேட்பீர்கள். சொன்னால் இந்தத் திட்டு நின்றுவிடும். ஆபீசில் எனக்கு அப்படிப் படித்துப் பார்த்துச் சொல்ல நாதியில்லை. அந்தத் திட்டுதான் எனக்குச் சம்பளத்துக்கு மேல் கிடைத்தது.

3. ஒரு வாரம் பார்க்கலாம்

ஒரு திங்கட்கிழமை இன்சார்ஜ் கூப்பிட்டார்.

"வேலு, அந்த மூலைய விளம்பரத்துக்குக் கேக்குறாங்க. கட்டத்த ஒரு வாரம் நிறுத்திப் பாப்போம். படிக்கிறவங்க போன் பண்ணிக் கேட்டா திரும்பப் போடுவோம். ஒருத்தரும் கேக்கலன்னா அத்தோட முடிச்சிரலாம்."

"சார், கேப்பாங்க சார்."

"வாசகர் கேக்கணும்யா. ஆபீஸ் ஆளுங்க சொல்றது கணக்குல வராது."

மறுநாள் வண்டியில் கௌதமண்ணன் பேப்பரை முன்னும் பின்னும் புரட்டினார். "இன்னா வேலு, எங்க கட்டம்?"

"தெரியலண்ணே. நிறுத்திட்டாங்க போல."

"நிறுத்திட்டாங்களா? யாரக் கேட்டு நிறுத்தினாங்க? போய் சொல்லு உங்க ஆபீசுல!"

"நீங்க ஒரு போன் பண்ணிக் கேளுங்கண்ணே."

"நீ இருக்கறச்ச போன் இன்னாத்துக்கு? நான் சொன்னேன்னு சொல்லு, போதும்."

இத்தனை நாள் "சொன்னேன், சொன்னேன்" என்று தலையாட்டியதற்குக் கைமேல் பலன். என்னிடம் சொன்னால் ஆபீசுக்குச் சொன்ன மாதிரி என்று அந்த மனிதர் நம்பிவிட்டார். புதன்கிழமையும் அதே பேச்சு. வியாழக்கிழமை பக்கத்து சீட்டில் சீட்டாடுகிறவர்கள் கூப்பிட, கௌதமண்ணன் எழுந்து போய்விட்டார். சிஸ்டர் ஜன்னலில் சாய்ந்து தூங்கினார். கட்டத்தைக் கேட்டு ஆபீசுக்கு ஒரு போன் வரவில்லை. போன் மணி அடிக்கும்போதெல்லாம் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன், எல்லாம் சினிமா தியேட்டர் விளம்பரத்துக்காக வந்த போன். அழுகை வந்துவிட்டது என்று சொல்ல எனக்கு வெட்கமில்லை.

4. சொல்லிவிட்டேன்

வெள்ளிக்கிழமை பங்காரப்பேட்டை தாண்டியதும் வாயைத் திறந்தேன்.

"அண்ணே, நான் சொன்னா எடுபடாது. ஏன்னா அந்தக் கட்டக்காரன் நான்தான்."

சிஸ்டர் என்னைப் பார்த்தார், கௌதமண்ணனைப் பார்த்தார். வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கிச் சிரித்தார். கண்ணில் தண்ணீரே வந்துவிட்டது. "அப்போ... அப்போ இத்தன நாளும் அண்ணன் உங்க எதிர்லயே உக்காந்துகினு..."

கௌதமண்ணன் சிரிக்கவில்லை. முகம் செத்துப்போய்விட்டது. கிருஷ்ணராஜபுரம் வரை ஜன்னலுக்கு வெளியே பார்த்துக்கொண்டே வந்தார். கட்டமும் போச்சு, கௌதமண்ணனும் போனார் என்று நினைத்துக்கொண்டு ஆபீஸ் படியேறினேன்.

மத்தியானம் சாப்பாட்டு நேரத்தில் இன்சார்ஜ் மேஜையில் போன் அடித்தது. எடுத்தவர் ரிசீவரைக் காதிலிருந்து தள்ளிப் பிடித்தார். மெஷின் சத்தத்துக்கு மேலே பேசிப் பழகின குரல், என் மேஜை வரைக்கும் கேட்டது. பாறை ஜாஸ்தி என்றது, மொட்டைக் குறிப்பு என்றது, ஒன்பதாவது மாதத்துக்கு ஒரு கட்டம் குறைத்த அநியாயம் என்றது.

இன்சார்ஜ் திணறிப்போனார். "ஐயா, இவ்வளவு மோசம்னா எதுக்குத் திரும்ப வேணும்கிறீங்க?"

"திட்றதுக்குத்தான் சார் பேப்பரே வாங்கறோம்! நல்லா இல்லாதத நல்லா இல்லன்னு சொல்ல எங்களுக்கு வேற இன்னா கீது? மரியாதையா திரும்பப் போடுங்க!"

போனை வைத்த கொஞ்ச நேரத்தில் ஒரு ஆஸ்பத்திரி டூட்டி ரூமிலிருந்து ஒரு நர்ஸ். அப்புறம் ஒரு ஃபேக்டரி கேன்டீனிலிருந்து வரிசையாக மூன்று பேர். இன்சார்ஜ் என்னைக் கூப்பிட்டார்.

"மூணு நாளா ஈ காக்கா இல்ல. இன்னிக்கு உங்க கோலார்ப் பேச்சு பேசுறவங்களா கூப்பிடுறாங்க. நீ எதுவும் சொல்லி வெச்சியா?"

பொய் சொல்லத் தெம்பில்லை. "ஆமா சார். நான்தான் போடறேன்னு காலைல வண்டியில சொன்னேன்."

"அப்ப உன் சிநேகிதக்காரங்க. கணக்குல வராதுன்னு சொன்னேன்ல?"

அவர் போனையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு மேஜையைத் தட்டினார். இது எந்தத் தட்டு என்று எனக்குப் புரியவில்லை.

"சிநேகிதக்காரன்னா நல்லாருக்கு, நிறுத்தாதீங்கன்னு கெஞ்சுவான். இந்த ஆள் திட்டின திட்டு சிநேகிதக்காரன் திட்டில்ல. ஒரு நாள் விடாமப் படிச்சவன் திட்டுய்யா. திங்கக்கிழமையிலருந்து போடு."

5. நல்லாகீது சார்

திங்கட்கிழமை கட்டம் வந்தது. நான் பறந்துகொண்டு ஏறினேன். துண்டு போட்டு இடம் இருந்தது. கௌதமண்ணன் நகர்ந்து உட்கார்ந்து, "வாங்க சார்" என்றார்.

சார்! இத்தனை வருஷத்தில் 'டேய் வேலு' தாண்டி அவர் வாயில் எனக்கு மரியாதை வந்ததே கிடையாது. கட்டத்தை நிரப்பினார். மாலூர் தாண்டியது. பேனாவை மூடிச் சட்டைப்பையில் வைத்தார்.

"எப்படிண்ணே கீது?"

"நல்லாகீது சார்."

அடுத்த நாளும் நல்லாகீது சார். அதற்கடுத்த நாளும். எனக்குச் சோறு இறங்கவில்லை. வேண்டுமென்றே லெவல் ஓடாத ஷாஃப்ட் ஒன்றைப் போட்டுப் பார்த்தேன். அந்த இடத்தில் அவர் பேனா நின்றது, உதடு துடித்தது. என் முகத்தைப் பார்த்துவிட்டு விழுங்கிக்கொண்டார்.

"அண்ணே, எதனா சொல்லுங்களேன். உங்களக் கும்பிட்டுக் கேக்கறேன்."

"நான் இன்னாத்த சொல்றது? உங்க மூஞ்சிய பாத்துகினு திட்ட வாய் வரமாட்டேங்குது." பேனாவைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "மொதல்ல தெரியாது, திட்டினேன். இப்ப நீங்க ராவெல்லாம் உக்காந்து போட்டது கண்ணுல நிக்குது."

அன்றைக்கு யோசித்து முடிவு செய்தேன். மறுநாள் கோரமண்டலில் ஏறினதும் எங்கள் சீட்டுக்குப் போகவில்லை. மரத்தடுப்புக்கு அந்தப் பக்கம், அவருக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்துகொண்டேன். பத்து வருஷமாக உட்கார்ந்த ஜன்னலோரம் போய்விட்டது. மாலூர் தாண்டியதும் முதலில் ஒரு கனைப்பு. பிறகு ஒரு முனகல். பிறகு பெட்டியே திரும்பிப் பார்க்கிற மாதிரி வெடித்தது.

"யோவ், இந்தக் கட்டக்காரனுக்கு மண்டையில இன்னாதான்யா கீது?"

"மெதுவாண்ணே, அவரு அந்தப் பக்கந்தான் உக்காந்துகினு இருக்காரு" என்று சிஸ்டர் கிசுகிசுத்தார்.

"இருக்கட்டுமே. அங்க உக்காந்துகினு இருக்கறவன் வேலு, நம்ம புள்ள. நான் திட்றது கட்டக்காரன!"

நான் பென்சிலை எடுத்து அவர் சொன்னதை ஒன்றுவிடாமல் பேப்பர் ஓரத்தில் எழுதிக்கொண்டேன். ரிடையர் ஆகிற வரைக்கும் அந்தத் தடுப்புக்கு அந்தப் பக்கம்தான் என் இடம்.

வேலைக்கு வருகிற பிள்ளைகளே, உங்கள் வேலையைத் தினமும் எடுத்துப் பார்த்துத் திட்ட ஒரு ஆள் கிடைத்தால், அவர் எதிரில் போய் உட்காராதீர்கள். ரொம்ப தூரமும் போய்விடாதீர்கள். காது கேட்கிற தூரத்தில் இடம் பாருங்கள்.