ஒரு ஃபிரேம் வெளிச்சம்

கணினித் திரையில் ஒரு புள்ளி தெரிந்தால் தூசியக்கா முதலில் வாயால் ஊதுவார். போகவில்லையென்றால் இடுப்பில் செருகியிருக்கும் மஞ்சள் துணியால் துடைப்பார். அப்போதும் அது அசையாமல் நின்றால் படத்தின் அடுத்த ஃபிரேமுக்குப் போய்ப் பார்ப்பார். அங்கே இல்லையா, அது நெகட்டிவில் என்றோ ஒட்டிய தூசி. திருத்தும் பேனாவால் ஒரு தட்டு, ஆளே காலி. அங்கேயும் இருந்தால் தொட மாட்டார். "ஒரு ஃபிரேம்ல வந்துட்டுப் போனா விருந்தாளி. தங்கினா வீட்டு ஆளு" என்பது அவர் வேதம். இரண்டு வாரமாக நாலாவதாக ஒன்றும் சேர்ந்திருக்கிறது. இரண்டு கண்ணையும் இறுக மூடி, ஐந்து வரை எண்ணிவிட்டுத் திறக்கிறார். புதிதாகப் பக்தி வந்துவிட்டது என்று அலுவலகத்தில் நினைத்துக்கொண்டிருக்கிறார்கள்.

பழைய படங்களைச் சுத்தம் செய்து, வீட்டில் போட்டுப் பார்க்கும் டிஸ்க்காக வெளியிடுகிற நிறுவனம் அது. ஜன்னலே இல்லாத ஓர் அறையில் அக்காவுக்குப் பத்தொன்பது வருஷம் ஓடிவிட்டது. கீறலும் தூசியும் அவர் பொறுப்பு. பக்கத்து நாற்காலியில் நிறத்தைச் சரிசெய்கிறவர், அவரைவிட மூன்று வயது மூத்தவர். அக்கா என்றுதான் கூப்பிடுகிறார். இவர் பதிலுக்கு அவரை அண்ணா என்கிறார். யார் மூத்தவர் என்பதைப் பிறப்புச் சான்றிதழே வந்து சொன்னால்தான் உண்டு.

அக்காவின் திரையில் யாரும் விரல் வைக்கக் கூடாது. 'தொட்டால் விரல் இருக்காது' என்று சீட்டு எழுதி ஒட்டியிருக்கிறார். நிறுவனத்தின் முதலாளியே எட்ட நின்று பேனா முனையால்தான் காட்டுவார். மஞ்சள் துணியும் அப்படித்தான். வீட்டுக்குக் கொண்டுபோய்த் தனியாக அலசி, தனியாக உலர்த்தி எடுத்து வருவார்.

இப்போது மேஜையில் இருப்பது ஒரு பழைய விண்வெளிப் படம். பழுதான கப்பலில் ஒருவனை விட்டுவிட்டு மற்றவர்கள் ஊர் திரும்புகிற கதை. இதற்கு மூன்று வடிவங்கள் உண்டு. தியேட்டரில் ஓடியதில் அவனை மீட்டு வந்து மாலை போடாத குறையாக வரவேற்கிறார்கள். தயாரிப்பாளர் கேட்டு ஒட்டவைத்த முடிவு. தொலைக்காட்சிக்கு நறுக்கியதில் அவன் என்ன ஆனான் என்ற பேச்சே இல்லை. இயக்குநர் தன் விருப்பப்படி தொகுத்ததில் மட்டும் கடைசியில் பதின்மூன்று விநாடி வெறும் இருட்டு. அந்த இருட்டின் இடது மேல் மூலையில், ஒரே ஒரு ஃபிரேமில், மங்கலாக ஒரு வெளிச்சம். அவன் விளக்கைக் காட்டுகிறான். உயிரோடு இருக்கிறான்.

பதினொரு வருஷத்துக்கு முன் இயக்குநரின் இந்த வடிவம் முதன்முதலாக டிஸ்க்கில் வந்தபோது, அந்த வெளிச்சத்தை அக்கா துடைத்துவிட்டார். ஒரு ஃபிரேமில் வந்துபோன விருந்தாளி அல்லவா? நெகட்டிவில் ஒட்டிய தூசியும் படத்தில் வெள்ளையாகத்தான் விழும். அவர் மீது குற்றம் சொல்ல முடியாது. ஆனால் அந்த டிஸ்க்கைப் பார்த்த அத்தனை பேரும் அவன் செத்துவிட்டான் என்று முடிவுகட்டி, சோகத்தின் ஆழம் பற்றிப் பக்கம் பக்கமாக எழுதித் தள்ளினார்கள். போன மாதம் ஒரு சேகரிப்பாளர் பழைய வீடியோ கேசட்டை அனுப்பி, இதில் இருக்கிற வெளிச்சம் உங்கள் டிஸ்க்கில் எங்கே போயிற்று என்று கேட்டார். அன்றிலிருந்து நிறக்காரர் அக்காவைக் கொலைகாரி என்று கூப்பிட ஆரம்பித்தார். அக்காவும் சிரித்தார். "இந்தத் தடவை அவனைப் பொழைக்க வச்சுடுறேன் அண்ணா" என்றார்.

அப்படிச் சொன்ன வாய் இப்போது சிரிப்பதில்லை. நெகட்டிவைப் புதிதாக ஸ்கேன் செய்து வந்ததும், அந்தப் பதின்மூன்று விநாடியை ஓடவிட்டுப் பார்த்தார். இடது மேல் மூலையில் பளிச்சென்றது. கண்டுபிடித்துவிட்டோம் என்று பின்னோக்கிப் போனால் ஒன்றுமில்லை. மறுபடி ஓட்டினார், வேறிடத்தில் பளிச்சென்றது. அன்று சாயங்காலம் வீட்டுக் குளியலறையில் விளக்கை அணைத்தபோது, படமும் இல்லை திரையும் இல்லை, அதே இடது ஓரத்தில் அதே கீற்று மின்னியது. சுவரைப் பிடித்துக்கொண்டு அப்படியே நின்றுவிட்டார்.

அவருடைய அப்பாவுக்கும் இப்படித்தான் ஆரம்பித்தது. மின்னுது மின்னுது என்று ஒரு வாரம் சொல்லிக்கொண்டிருந்தார்; எட்டாம் நாள் இடது கண்ணில் திரை விழுந்தது, பிறகு எழவேயில்லை. அக்கா இதை யாரிடமும் சொல்லவில்லை. மருத்துவரிடம் போனால் அதையே அவர் வாயால் கேட்க வேண்டியிருக்கும். பயம்தான், அதற்கு வேறு பெயர் வைத்துப் புண்ணியமில்லை. காலையில் எழுந்ததும் வலது கண்ணைப் பொத்திக்கொண்டு கதவு நிலையைப் பார்க்கிறார். நேராக இருந்தால் அன்றைக்குப் பிழைத்தோம் என்று காபி போடப் போகிறார்.

வீட்டுக்காரர் பள்ளிப் பேருந்து ஓட்டுகிறவர். வருஷா வருஷம் கண் பரிசோதனைக்குப் போய், அந்த அட்டையின் எழுத்துகள் அத்தனையும் அவருக்கு மனப்பாடம். நிலையை ஒற்றைக் கண்ணால் பார்த்துக்கொண்டு நின்ற மனைவியை ஒரு நாள் பார்த்துவிட்டு, அடுத்த வாரம் நீயும் என்னோடு வாயேன் என்றார். "எனக்கென்ன கேடு? ராத்திரி தூக்கம் பத்தலை, அவ்வளவுதான்" என்று அக்கா வெடுக்கென்று சொல்லிவிட்டார். அன்று முதல் மாடிப்படியில் அக்காவுக்கு முன்னால் அவர்தான் இறங்குகிறார்.

நேற்று முன்பகலில் அந்த ஃபிரேம் அகப்பட்டது. அந்த இருட்டின் முந்நூற்றுப் பன்னிரண்டு ஃபிரேமையும் ஒவ்வொன்றாகத் தள்ளிப் பார்த்துவிட்டு, நூற்று எண்பத்தெட்டுக்குத் திரும்பி வந்து நின்றார். ஊதினார். துடைத்தார். கண்ணை மூடி ஐந்து எண்ணினார். மூலையில் மங்கலாக ஒன்று இருந்தது. அதற்குச் சற்றுக் கீழே இன்னொன்றும். நேராகப் பார்த்தால் இரண்டும் மறைந்தன, கொஞ்சம் விலகிப் பார்த்தால் இரண்டும் வந்தன. வெளிச்சத்தைக் கூட்டினால் நெகட்டிவில் இயல்பாகவே இருக்கும் மணல் போன்ற துகள் முழுக்கக் கூடவே எழுந்து கும்மாளம் போட்டது. கேசட்டில் எல்லாம் கலங்கலாக இருந்ததால், இடது மேல் மூலை என்பதைத் தவிர அது வேறெதையும் சொல்லவில்லை. இரண்டில் ஒன்று அந்த ஆள். தவறானதைத் தட்டினால் இரண்டாம் தடவையும் அவனுக்குச் சாவு. அக்கா பேனாவை மேஜையில் வைத்துவிட்டார். ஒரு மணி நேரம் அப்படியே போயிற்று.

பிறகு நிறக்காரரைக் கூப்பிட்டார். அவர் வழக்கம்போல இரண்டு கையையும் முதுகுக்குப் பின்னால் கட்டிக்கொண்டு வந்து நின்றார். இதில் எத்தனை புள்ளி தெரிகிறது என்று அக்கா கேட்டார். நீங்களே சொல்லுங்கள், உங்கள் கண்ணுக்கு முன்னால் என் கண் எம்மாத்திரம் என்று அவர் இழுத்தார்.

"நான் சொன்னா நீங்க ஆமான்னுடுவீங்க. தெரியுறதைத் தொட்டுக் காட்டுங்க."

"திரையையா?"

அக்கா அவர் கையை முதுகுக்குப் பின்னாலிருந்து இழுத்து, சுட்டுவிரலைப் பிரித்து, கண்ணாடிக்கு அருகில் கொண்டுபோய் விட்டார். அவர் வெகுநேரம் பார்த்தார். விரல், மேலே இருந்த புள்ளிக்கு அடியில் கண்ணாடியைத் தொட்டு நின்றது.

"இதோ. ஓரமெல்லாம் மங்கி இருக்கு, தூசி இப்படி இருக்காது. ஆளு உசுரோட இருக்கான் அக்கா."

"இன்னொண்ணு?"

"இன்னொண்ணு எங்க?"

அக்கா காட்டவில்லை. நிறக்காரர் திரையைப் பார்த்தார், பிறகு அக்காவின் முகத்தைப் பார்த்தார். எத்தனை நாளாக என்று மெதுவாகக் கேட்டார்.

கண்ணாடியில் அவருடைய விரல்ரேகை தெளிவாகப் பதிந்திருந்தது. அக்கா இடுப்பிலிருந்து மஞ்சள் துணியை உருவினார். நாலாக மடித்தார். அதை அவர் கையில் வைத்துவிட்டு, வீட்டுக்காரரைக் கூப்பிடுவதற்காகப் போனை எடுத்தார்.