அப்பப்பாவுக்காக ஒரு துடக்கு

புறங்கையில் சொட்டிய மெழுகு சுட்டுக்கொண்டிருக்க, குருநகர்ச் சேமக்காலையில் அப்பப்பாவின் பெட்டிமேல் நானும் ஒரு பிடி மண் போட்டேன். அப்போது எனக்குப் பத்து வயது. அப்பா கடற்கரைக் கத்தோலிக்கர், அம்மா கொக்குவில் சைவம். நாங்கள் இருந்தது அம்மாவின் தமையனான மாமாவின் வீட்டில்.

சைவக் குடும்பத்தில் ஒருவர் செத்தால் உறவினர் முறைக்கேற்ப இத்தனை நாள் என்று கோயிலுக்குப் போகக்கூடாது, அதுதான் "துடக்கு". தகப்பன்வழிப் பேரப்பிள்ளைக்கு முப்பத்தொரு நாள். பிற்காலத்தில் கச்சேரி என்ற அரச அலுவலகத்தில் முப்பது வருடம் சுற்றறிக்கைகளோடு மல்லுக்கட்டியவள் சொல்கிறேன்: இவ்வளவு தெளிவான விதியை அரசாங்கம்கூட எழுதியதில்லை. ஆனால் மறுநாள் கோயிலில் மாமாவின் உபயத்தில் நடக்கும் திருவிழா.

"வேதக்காரற்றை சாவுக்கு எங்களுக்கென்ன துடக்கு?" என்று மாமா தீர்ப்பளித்தார். அப்பாவின் தங்கையான குருநகர் மாமியோ, "துடக்கெல்லாம் சைவக்காரருக்குப் பிள்ளை, நீ செபத்தைச் சொல்லு" என்றார். எனக்குச் செபம் தெரியாது. இரு தரப்பும் சேர்ந்து என் துக்கத்தைத் தள்ளுபடி செய்துவிட்டன.

மறுநாள் பட்டுப்பாவாடை கட்டி, மாமாவின் கையைப் பிடித்துக்கொண்டு கோயில் வாசல்வரை போனவள், ஊரே பார்த்து நிற்க, "எனக்குத் துடக்கு! நான் உள்ளுக்கு வரமாட்டன்!" என்று கத்தினேன்.

"அப்ப கையைப் பிடிச்ச உனக்கும்தானே, தம்பி?" என்று ஒரு கிழவர் மாமாவைப் பார்த்துச் சிரித்தார்.

அடி விழும் என்று காத்திருந்தேன். துடக்குக்காரரைத் தொட்டவர் தோய்ந்துவிட்டு உள்ளே போகலாம். அதுவும் விதிதான், கேணியும் பக்கத்திலேயே இருந்தது. மாமா மதிலோரம் குந்திவிட்டார்.

"அப்பிடி என்னடி அந்த மனுசன் உனக்குச் செய்தவர்?"

"நண்டுக்கால் உடைச்சுத் தாறவர். பிறகு தேசிக்காய் தேய்ச்சுக் கை கழுவி விடுறவர். உங்களுக்கு மணக்கக்கூடாதாம்."

உள்ளே மாமாவுக்குரிய பூசைத் தட்டை வேறு யாரோ வாங்கினார்கள். அவர் எழும்பவில்லை. முப்பத்தொரு நாளில் மீதி நாள்களும் என்னை ஒருவரும் கோயிலுக்குக் கூப்பிடவில்லை.

இன்று சேமக்காலையில் அப்பப்பா கிடந்த இடத்தில் வேறு யாருடையதோ சிலுவை நிற்கிறது. துடக்கை அலுவலக விடுமுறைக்கு ஏற்றபடி சுருக்கிக்கொள்கிறார்கள். வாசலில் கேட்பாரும் இல்லை. அன்று நான் கத்தியது துக்கத்தாலா, வெல்லவேண்டும் என்ற வீம்பாலா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.

போன மாதம் மாமா செத்தார். விதிப்படி எனக்கு மூன்று நாள்தான். நான்காம் நாள் கோயில் வாசல்வரை போய்த் திரும்பி வந்தேன். ஐந்தாம் நாளும்.