டேனியல் மாமாவுக்குப் பெயர் வைத்தவர்

சிறுசேரி அலுவலகத்தில் மீட்டிங்கில் இருந்தபோது அத்தானின் போன் வந்தது. "அக்கா போயிட்டா, ரூபி" என்றார். தாம்பரத்தில் தபால் கவுண்டரில் என் அக்கா ஸ்டெல்லாவைப் பார்த்துப் பழகியவர்கள் பலர் இதைப் படிக்கக்கூடும். நான் அறிந்த அக்காவை அவர்களுக்குத் தெரியாது.

அப்போது எனக்கு ஆறு வயது, அக்காவுக்குப் பன்னிரண்டு. எங்கள் சேலையூர் வீட்டில் குளியலறைக் கதவுக்குப் பின்னால் ஓர் உயரமான ஆள் நிற்பதாக நம்பினேன். நம்பினேன் என்ன, பார்த்தேன். அப்பா டார்ச் அடித்துக் காட்டி ஒன்றுமில்லை என்றார். அம்மா என் தலைமாட்டில் பைபிளை வைத்தார். அக்கா மட்டும்தான் அந்த ஆள் என்ன சட்டை போட்டிருக்கிறார் என்று கேட்டார். நான் சொன்னதும் கொஞ்சம் யோசித்து, "பேர் தெரியாததாலதான் பயமா இருக்கு. டேனியல் மாமான்னு வச்சிக்கலாம்" என்றார். அன்று குடும்ப ஜெபத்தில், அப்பா முறைக்க முறைக்க, டேனியல் மாமாவுக்காகவும் வேண்டிக்கொண்டார்.

நான் அதோடு விடவில்லை. ஆலயத்தின் ஜெபக் குறிப்புப் பெட்டியில் டேனியல் மாமாவின் பெயரை எழுதிப் போட்டேன். ஞாயிறன்று போதகர் சகோதரர் டேனியலின் சுகத்துக்காக ஜெபிக்கச் சொல்ல, சபை முழுவதும் தலை குனிந்தது. என் கோணல் எழுத்து அப்பாவுக்குத் தெரியாதா என்ன? எழுதச் சொன்னதே தான்தான் என்று சொல்லி, அக்கா அடி வாங்கிக்கொண்டார். அதன் பிறகும் டேனியல் மாமா கதவுக்குப் பின்னால்தான் நின்றார். நான் பயப்படாமல் குளித்தேன்.

இறப்பதற்கு ஒரு வாரம் முன்பு, ஒரு மதியம், மருத்துவமனைக் கட்டிலில் இருந்தபடி அக்கா எதிரே இருந்த திரைச்சீலையையே பார்த்துக்கொண்டிருந்தார். "அங்க ஒருத்தர் நிக்கிறார் பாரு, ரூபி" என்றார்.

"யாரும் இல்லக்கா. மருந்தோட வேலை அது. தூங்கு."

"சரி" என்றார். மறுநாள் வென்டிலேட்டர் வைத்தார்கள். பிறகு அவர் பேசவேயில்லை.

யாராயிருந்தாலும் அதைத்தான் சொல்லியிருப்பார்கள் என்று அத்தான் தேற்றுகிறார். யாராவது சொல்லட்டும். நான் அவர் தங்கை இல்லையா? எல்லோரும் சொல்வதைச் சொல்ல நான் எதற்கு அங்கே இருந்தேன்?

கல்லறையில் எல்லோரும் ஒரு பிடி மண் போட்டுவிட்டு நகர்ந்தார்கள். என் கை திறக்கவில்லை. அத்தான்தான் விரல்களைப் பிரித்துவிட்டார். போய் வா, அக்கா. 'நிம்மதியாகத் தூங்கு' என்று எழுத எனக்கு மனம் வரவில்லை. அங்கே நின்றவரைப் பார்த்து நீ பயந்தாயா, இல்லையா? அதுகூடக் கேட்காமல் உன்னை மண்ணில் விட்டுவிட்டு வந்திருக்கிறேன்.