வண்டி குடுத்தாச்சே

பிறந்ததிலிருந்தே என் வலது கால் சூம்பிப்போனது. பத்தாவது படிக்கும்போது ஒரு முகாமில் எனக்குக் கையால் சுற்றி ஓட்டும் மூன்று சக்கர வண்டி கொடுத்தார்கள். மாலை போட்டு, சிரிக்கச் சொல்லி, போட்டோவும் எடுத்தார்கள். தார் ரோட்டிலிருந்து எங்கள் வீட்டுக்கு ஒற்றையடிப் பாதைதான்; பாறையும் ஏற்றமுமாக ஆடுகூட நின்று யோசிக்கும். கொல்லிமலைக்காரிக்கு அந்த வண்டியைக் கொடுத்த மகராசன் மலையைப் படத்தில்கூடப் பார்த்திருக்க மாட்டான். வண்டி ரோட்டோரக் கடைப் பக்கம் நின்றது.

அதற்கு ஒரு பிழைப்பைக் கண்டுபிடித்தவள் என் வகுப்புச் சிநேகிதி. குச்சிக்கிழங்கு மூட்டையை ஏற்றி, அதன்மேல் என்னையும் ஏற்றி, இறக்கத்தில் தள்ளிவிட்டுப் பின்னாலேயே ஓடிவருவாள். ஒருமுறை கவிழ்ந்து என் முட்டி பெயர்ந்தது.

"எந்தக் கால்லடி அடி?" என்றாள்.

"நல்ல கால்ல."

"அப்ப போச்சு போ" என்று ரோட்டிலேயே உட்கார்ந்து சிரித்தாள். நானும் சிரித்தேன்.

பதினொன்றாவதுக்குப் பள்ளி தூரம். விடுதியில் இடம் கிடைக்காவிட்டால் என் படிப்பு அத்தோடு சரி. அவளுக்கு உடனே கிடைத்தது. என்னைப் பார்த்ததும் வார்டனுக்குக் குரல் குழைந்துவிட்டது.

"உனக்குத்தான் வண்டி குடுத்தாச்சே சாமி, ஊட்ல இருந்தே வந்துட்டுப் போலாமே. இங்க மாடில படுக்கோணும். யாரு தூக்கறது?"

என் அப்பா, வெட்கங்கெட்ட மனுஷன், "சரிங்க" என்று கும்பிட்டார்.

"ஏனுங்க மேடம், அந்த வண்டில ஒருக்கா இவ ஊட்டுக்குப் போய்க் காட்டுங்க" என்றாள் சிநேகிதி. "இவள யாரும் தூக்க வேண்டாம். ஏறுவா, பாருங்க."

ஏறினேன். கைப்பிடி இல்லாத படிகள். பாதியில் கால் நடுங்கி உட்கார்ந்துவிட்டேன். "ஐயோ பாவம், போய்ப் புடிம்மா" என்றார் வார்டன். அவள் கையைக் கட்டிக்கொண்டு அசையாமல் நின்றாள். மிச்சப் படிகளைத் தவழ்ந்தே ஏறினேன்.

மேலேயிருந்து திரும்பிப் பார்த்தேன். வார்டன் விண்ணப்பத்தில் கையெழுத்துப் போட்டுக்கொண்டிருந்தார். அவள் தாவணி முனையால் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். நான் பார்ப்பதைக் கண்டதும், "என்னடி பாக்கற, எறங்கு. பஸ்ஸு போயிரும்" என்று அதட்டினாள்.

என்னைப் பார்த்து அழுதவர்கள் இந்த மலையில் நிறையப் பேர். அவளை மட்டும்தான் நான் மன்னித்தேன்.